சூரியனும் தோலின் நிறமும்
சாபக் கதையை மறுத்த முஸ்லிம் அறிஞர்கள்

அரபு மொழியில் மனிதனைக் குறிக்கும் சொற்களுள் 'பஷர்' என்பது ஒன்று. இதே வேரிலிருந்து பிறந்த 'பஷரா' என்னும் சொல் தோலின் வெளிப்பரப்பைக் குறிக்கும். மனிதனுக்கு இப்பெயர் ஏன் வந்தது என்பதற்கு இமாம் ராகிப் அல்இஸ்ஃபஹானீ (ரஹ்) அவர்கள் தம்முடைய 'முஃப்ரதாத்' நூலில் ஒரு காரணம் கூறுகிறார். விலங்குகளின் உடலை உரோமமும் கம்பளியும் மூடியிருக்கின்றன. மனிதனின் தோலோ மறைப்பின்றி வெளியே தெரிகிறது. ஆகவேதான் அவன் 'பஷர்' எனப்பட்டான் என்பது அவர் தரும் விளக்கம்.

மறைப்பின்றித் தெரியும் அத்தோலின்மீது நாள்தோறும் படுவது சூரிய ஒளி. தோல் வெளியே தெரிவதால் அதன் நிறமும் தெரிகிறது. நிறம் தெரிந்ததால் மனிதர்கள் அதற்குக் காரணம் தேடினார்கள். காரணம் தேடியவர்களுள் பலர் அத்தோடு நில்லாமல் அந்நிறத்திற்கு ஒரு பொருளையும் கற்பித்தார்கள். ஒரு நிறம் ஆசியின் அடையாளம் என்றும் மற்றொரு நிறம் சாபத்தின் அடையாளம் என்றும் கதைகள் எழுந்தன. அக்கதைகளின் பெயரால் மனிதர்கள் விற்கவும் வாங்கவும் பட்டார்கள். இக்கதைகளை எதிர்த்து நம் முன்னோர்களான அறிஞர்கள் எழுதியவை யாவை, அவர்கள் எங்கே வென்றார்கள், எங்கே சறுக்கினார்கள் என்பதை எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சாபக் கதையின் தோற்றம்

திருக்குர்ஆனின் ரூம் அத்தியாயம் 22ஆம் வசனம், மனிதர்களின் மொழிகளும் நிறங்களும் வேறுபட்டிருப்பதை அல்லாஹ்வின் அத்தாட்சிகளுள் ஒன்றாக எண்ணுகிறது. வானங்களும் பூமியும் படைக்கப்பட்டிருப்பதோடு சேர்த்து அவ்வேறுபாட்டைச் சொல்லி, அறிவுடையோருக்கு இதில் சான்றுகள் உள்ளன என்றும் அது முடிக்கிறது. நிறத்தைச் சிந்தனைக்குரிய பொருளாக இவ்வசனம் நம் முன் வைக்கிறது என்பது கவனிக்கத்தக்கது. அபூதாவூத், திர்மிதீ ஆகிய நூல்களில் இடம்பெற்ற ஒரு நபிமொழியும் இக்கருத்துக்கு அரணாக நிற்கிறது. பூமி முழுவதிலிருந்தும் எடுக்கப்பட்ட ஒரு பிடி மண்ணிலிருந்து ஆதம் (அலை) படைக்கப்பட்டார்கள். அதனால்தான் அவர்களுடைய மக்களுள் சிவந்தவரும் வெளுத்தவரும் கறுத்தவரும் இடைப்பட்டவரும் தோன்றினர் என்பது அதன் கருத்து.

இவ்வளவு தெளிவு இருந்தும், நம் நூல்களுக்குள் வேறொரு கதை நுழைந்தது. நூஹ் (அலை) அவர்கள் தம் மகன் ஹாமைச் சபித்தார்கள் என்றும், அச்சாபத்தால் ஹாமின் சந்ததியினர் கறுத்துப்போய் அடிமைகளாயினர் என்றும் அக்கதை கூறுகிறது. யூத, கிறிஸ்தவ விளக்கவுரையாளர் சிலரிடம் வழங்கி வந்த இச்செய்தி 'இஸ்ராயீலிய்யாத்' எனப்படும் அறிவிப்புகளின் வழியே நம்மவரிடமும் பரவிற்று. இமாம் தபரீ (ஹிஜ்ரி 310 / கி.பி. 923) அவர்களின் வரலாற்று நூலில்கூட இவ்வகை அறிவிப்புகள் இடம்பெற்றுள்ளன.

இங்கு இரு செய்திகளை மனத்தில் இருத்த வேண்டும். முதலாவது, திருக்குர்ஆனில் ஹாம் என்ற பெயரும் இல்லை. அவ்வாறான சாபமும் இல்லை. இரண்டாவது, பைபிளின் ஆதியாகமம் ஒன்பதாம் அதிகாரத்தில் காணப்படும் சாபம்கூட ஹாமின்மீது இடப்பட்டதன்று. அவனுடைய மகன் கானானின்மீதே இடப்பட்டது. அங்கும் தோலின் நிறத்தைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. நிறம் பிற்காலத்தில் ஏற்றப்பட்ட சுமை. ஆயினும் அச்சுமை மனிதரின் தோள்மீது பல நூற்றாண்டுகள் அழுத்திற்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்காவின் தென் மாநிலங்களில் அடிமை முறைக்கு வாதாடியவர்களும் இதே கதையைத்தான் ஆதாரமாகக் காட்டினார்கள்.

ஜாஹிழ் காட்டிய கரும்பாறை நிலம்

நிறத்திற்குச் சூரியனே காரணம் என்னும் கருத்து பழமையானது. கிரேக்கர்கள் எகிப்துக்குத் தெற்கே வாழ்ந்தவர்களை அழைத்த 'எத்தியோப்பியர்' என்னும் பெயருக்கே வெந்த முகத்தினர் என்றுதான் பொருள். காற்று, நீர், நிலம் ஆகியவை மனித உடலை எவ்வாறு மாற்றுகின்றன என்று ஹிப்போகிரட்டீஸின் பெயரால் வழங்கும் நூல் ஒன்று ஆராய்கிறது. அப்பாசியர் காலத்துப் பக்தாதில் கிரேக்க மருத்துவ நூல்கள் அரபுக்குப் பெயர்க்கப்பட்டபோது இச்சிந்தனையும் உடன் வந்தது.

அதனைச் சாபக் கதைக்கு எதிரான வாதமாகத் திருப்பியவர்களுள் முற்பட்டவர் பஸ்ராவின் பேரறிஞர் ஜாஹிழ். ஹிஜ்ரி 255இல் (கி.பி. 868-69) மறைந்த இவருடைய பாட்டனார் கறுப்பு நிறத்தவர் என்னும் குறிப்பும் வரலாற்று நூல்களில் உண்டு. வெள்ளையரைவிடக் கறுப்பருக்குள்ள பெருமைகளைப் பேசும் தனி நூல் ஒன்றை இவர் எழுதினார். அதில் இவர் எடுத்துக்காட்டும் சான்று சுவையானது. ஹிஜாஸில் 'ஹர்ரா' எனப்படும் எரிமலைக் கரும்பாறை நிலங்கள் உள்ளன. அவற்றுள் ஒன்றில் பனூ சுலைம் குலத்தார் வாழ்ந்தனர். அந்நிலத்தில் குடியேறுவோர் எவரும் கறுத்துவிடுகின்றனர். அங்குள்ள மான்களும் தீக்கோழிகளும் நரிகளும் ஆடுகளும் பறவைகளும்கூடக் கருமை கொண்டிருக்கின்றன. ரோமரிலிருந்து கொண்டுவரப்பட்ட பணியாட்களின் சந்ததியும் மூன்று தலைமுறைகளில் அந்நிலத்தாரின் நிறத்தை அடைந்துவிடுகிறது என்கிறார் ஜாஹிழ். ஆதலால் கருமையும் வெண்மையும் நாட்டின் இயல்பாலும், நீராலும் மண்ணாலும், சூரியனின் அண்மையாலும் சேய்மையாலும் விளைபவை. அவை உருக்குலைவோ தண்டனையோ அல்ல என்பது அவருடைய முடிவு.

மூன்று தலைமுறைக் கணக்கு பிழையானது. கரும்பாறை மனிதரின் தோலைக் கறுக்கச் செய்யாது என்பதும் இன்று நாம் அறிந்ததே. ஆனால் வாதத்தின் போக்கைக் கவனியுங்கள். மனிதனுக்கு நேர்ந்தது மானுக்கும் நரிக்கும் நேர்ந்திருக்கிறது என்றால், மானையும் நரியையும் சபித்தவர் யார்? சாபக் கதையை வேரோடு சாய்ப்பதற்கு இக்கேள்வி போதுமானது.

மூன்று நூற்றாண்டுகளுக்குப் பின்னர் பக்தாதில் வாழ்ந்த இமாம் இப்னுல் ஜவ்ஸீ (ரஹ்) (ஹிஜ்ரி 597 / கி.பி. 1201) அவர்கள் வேறொரு வழியில் இதே முடிவுக்கு வந்தார்கள். கறுப்பின மக்களின், குறிப்பாக அபிசீனியரின் சிறப்புகளை எடுத்துரைக்கும் 'தன்வீருல் கபஷ்' என்னும் நூலை அவர்கள் இயற்றினார்கள். ஹதீஸ் கலை வல்லுநரான அவர்கள் இயற்கைக் காரணத்தைத் தேடிச் செல்லவில்லை. நிறங்கள் படைக்கப்பட்டவாறே உள்ளன என்று கூறி, ஹாமைப் பற்றிய அறிவிப்பு நிறுவப்படவில்லை, அது ஆதாரபூர்வமானதும் அன்று என ஒதுக்கிவிட்டார்கள். ஒருவர் இயற்கையை நோக்கி மறுத்தார். மற்றவர் அறிவிப்பின் தரத்தை நோக்கி மறுத்தார்.

இப்னு கல்தூனின் ஏழு மண்டலங்கள்

இவ்வாதத்தை முழுமையான ஒரு கோட்பாடாக வளர்த்தவர் இப்னு கல்தூன் (ரஹ்). கி.பி. 1332இல் தூனிஸில் பிறந்து 1406இல் கெய்ரோவில் மறைந்த அவர், 1377இல் எழுதி முடித்த 'முகத்திமா'வில் மனிதர் வாழும் நிலப்பரப்பைத் தெற்கிலிருந்து வடக்காக ஏழு மண்டலங்களாகப் பகுக்கிறார். முதலிரண்டும் வெப்பம் மிக்கவை. இறுதி இரண்டும் குளிர் மிக்கவை. இடையிலுள்ள மூன்றும் மிதமானவை. தென் மண்டலங்களில் ஆண்டுக்கு இருமுறை, குறுகிய இடைவெளியில் சூரியன் தலைக்கு நேராக வருகிறது. அதனால் ஒளியும் வெப்பமும் மிகுந்து தோல் கறுக்கிறது. வட மண்டலங்களில் சூரியன் ஒருபோதும் உச்சிக்கு வருவதில்லை. அதனால் அங்குள்ளோர் வெளுத்த தோலும் நீலக் கண்ணும் செம்பட்டை முடியும் உடையவராகின்றனர். சூரியன் இருமுறை உச்சிக்கு வருவது நமக்குப் புதிய செய்தியன்று. தமிழகத்திலும் சித்திரையை ஒட்டியும் ஆவணியை ஒட்டியும் நண்பகலில் நம் நிழல் காலடியில் ஒடுங்குவதைக் காணலாம்.

தம் கருத்துக்குத் துணையாக இப்னு சீனாவின் மருத்துவச் செய்யுள் நூலை அவர் எடுத்தாள்கிறார். பின்னர் ஹாம் கதையை நேரடியாக எடுத்துக்கொண்டு, பொருள்களின் இயல்பை அறியாத வம்சாவளி ஆசிரியர் சிலர் கொண்ட மயக்கம் இது என்கிறார். தவ்ராத்தில் சாபம் பற்றிய செய்தி உண்டு. ஆனால் அதில் கருமையைப் பற்றிய பேச்சே இல்லை என்றும் சுட்டிக்காட்டுகிறார். தெற்கிலிருந்து சென்று வடக்கில் குடியேறியவர்களின் சந்ததி காலப்போக்கில் படிப்படியாக வெளுக்கும். வடக்கிலிருந்து தெற்கே வந்தவர்களின் சந்ததி கறுக்கும். ஆகவே நிறம் குருதியில் எழுதப்பட்ட தீர்ப்பு அன்று, நிலத்தின் விளைவு என்பது அவருடைய வாதம்.

இவ்விடத்தில் அவர் கூறும் மற்றொரு கருத்து இன்றைய மொழியியலாளரையும் வியக்க வைக்கும். தெற்கத்தியரை நிறத்தைக் கொண்டு 'கறுப்பர்' என்கிறோம். வடக்கத்தியரை மட்டும் நிறத்தால் அழைப்பதில்லை. ஏன்? பெயர் சூட்டியவர்களே வெளுத்தவர்கள். தம்மிடம் இருந்த நிறம் அவர்களுக்கு வியப்பாகத் தோன்றவில்லை. எனவே அதற்கொரு பெயர் வேண்டும் என்றும் தோன்றவில்லை என்கிறார். மனிதர்களை எந்தச் சொல்லால் வகைப்படுத்துவது என்பதை நிறத்தைவிட, அழைப்பவன் நிற்கும் இடமே தீர்மானிக்கிறது என்பதை ஆறரை நூற்றாண்டுகளுக்கு முன்பே அவர் கண்டுகொண்டார்.

காரணம் அறிந்தவர் சறுக்கிய இடம்

இப்னு கல்தூனைப் போற்றுவோர் பெரும்பாலும் இத்துடன் நிறுத்திக்கொள்வர். நேர்மை அவ்வாறு நிறுத்த அனுமதிக்கவில்லை. முகத்திமாவின் அடுத்துவரும் பகுதிகளில், வெப்பம் தோலை மட்டுமன்றி குணத்தையும் ஆள்கிறது என்று அவர் எழுதுகிறார். வெப்ப மண்டலத்து மக்கள் இலேசான மனமும் மட்டற்ற களிப்பும் உடையோர் என்கிறார். மிதமான மண்டலங்களுக்கு அப்பால் தெற்கிலும் வடக்கிலும் வாழ்வோர் விலங்குகளின் இயல்பை நெருங்கியவர்கள் என்றும் கூறுகிறார். கறுப்பரின் மூளை வலிமையற்றது என மஸ்ஊதீ, ஜாலினூஸ், கிந்தீ வழியே வந்த கருத்துக்குச் சான்று இல்லை என மறுத்த அதே அறிஞர்தாம், அவ்விடத்தில் வேறொரு இழிவை வைத்துச் செல்கிறார்.

இது எப்படி நேர்ந்தது? நிறத்தைச் சாபத்திலிருந்து விடுவித்தவர் குணத்தைத் தட்பவெப்பத்தோடு பிணைத்துவிட்டார். இயற்கைக் காரணம் ஒன்று கிடைத்துவிட்டால் இழிவு தானாக நீங்கிவிடும் என நாம் எண்ணுகிறோம். அவ்வாறு நீங்குவதில்லை. பழைய இழிவுக்குப் புதிய காரணத்தைக் கண்டுபிடிப்பதும் எளிதே. ஐரோப்பாவின் பதினெட்டாம், பத்தொன்பதாம் நூற்றாண்டு இனக் கோட்பாட்டாளர்கள் செய்ததும் இதைத்தான். அவர்கள் அறிவியலின் சொற்களில் பேசினார்கள். முடிவோ சாபக் கதையின் முடிவாகவே இருந்தது.

அஹ்மத் பாபாவின் தீர்ப்பு

இச்சிக்கலுக்குத் தெளிவான விடை கூறியவர் சட்ட அறிஞர் ஒருவர். திம்புக்துவின் புகழ்பெற்ற ஆக்கீத் குடும்பத்தில் 1556இல் பிறந்த அஹ்மத் பாபா (ரஹ்) அவர்கள் மாலிகீ மத்ஹபின் பேரறிஞர். 1591இல் மொராக்கோவின் சஅதீ சுல்தானுடைய படை அந்நகரைக் கைப்பற்றியது. பின்னர் அவர்கள் விலங்கிடப்பட்டு மராகிஷுக்குக் கொண்டு செல்லப்பட்டார்கள். தம்மிடமிருந்து பறிக்கப்பட்ட நூல்கள் 1600 என்றும், தம் உறவினரின் நூலகங்களுள் தம்முடையதே சிறியது என்றும் அவர்கள் கூறியதாகக் குறிப்பு உள்ளது. 1608இல்தான் ஊர் திரும்ப முடிந்தது.

சஹாரா பாலைவனத்தின் துவாத் பசுஞ்சோலைப் பகுதியிலிருந்து அவர்களுக்குச் சில வினாக்கள் வந்தன. தெற்கிலிருந்து விற்பனைக்குக் கொண்டுவரப்படும் கறுப்பின மக்களுள் முஸ்லிம்களும் இருக்கின்றனரே, அவர்களை வாங்கலாமா? ஹாமின் சந்ததி என்பதால் அவர்கள் அடிமைகளாவது முறையா? 1615இல் 'மிஃராஜுஸ் ஸுஊத்' என்னும் நூலை அவர்கள் இதற்கு விடையாக எழுதினார்கள். நிறத்தைப் பற்றி இப்னு கல்தூன் கூறியதை எடுத்துக்காட்டிச் சாபக் கதையை மறுத்தார்கள். ஆனால் தீர்ப்பை அதன்மீது கட்டவில்லை. அடிமைத்தனத்திற்குச் சட்டம் கூறும் காரணம் இறைமறுப்பு மட்டுமே; அதில் கறுப்பரும் வெள்ளையரும் சமம். ஒருவர் முஸ்லிம் என்றால், அவர் எந்நாட்டவராயினும் எந்நிறத்தவராயினும், அவரை அடிமையாக்குவது ஹராம் என்றார்கள்.

இத்தீர்ப்பு அடிமை முறையையே ஒழித்துவிடவில்லை. அக்காலச் சட்டம் அனுமதித்த எல்லைக்குள் நின்றுதான் அவர்கள் பேசினார்கள். இறைமறுப்பாளரை அடிமையாக்குவதை அவர்கள் ஏற்றார்கள். சஹாராவைக் கடந்து சென்ற அடிமை வணிகமும் இத்தீர்ப்பால் நின்றுவிடவில்லை. முஸ்லிம் வணிகர்களே அதில் பெரும் பங்கு கொண்டிருந்தனர் என்பது மறைக்கக்கூடாத வரலாறு. எனினும், சூரியனைப் பற்றிய கோட்பாடு எதுவாக இருந்தாலும் மனிதனின் உரிமை அதனால் கூடவோ குறையவோ செய்யாது என்பதை அஹ்மத் பாபா தெளிவாகப் பிரித்துக் காட்டினார்கள். இப்னு கல்தூனிடம் கலந்துகிடந்த இரு வினாக்கள் இங்கே தனித்தனியாயின.

இன்றைய அறிவியல் கூறுவது

முன்னோர் ஒளியையும் வெப்பத்தையும் ஒன்றாகவே கருதினர். 1800இல் வில்லியம் ஹெர்ஷல் செந்நிறத்திற்கு அப்பால் கண்ணுக்குப் புலப்படாத வெப்பக் கதிர்களைக் கண்டறிந்தார். மறு ஆண்டே ஜெர்மானியரான ரிட்டர் ஊதா நிறத்திற்கு அப்பாலும் கதிர்கள் உண்டெனக் காட்டினார். தோலின் நிறத்தோடு தொடர்புடையவை இப்புற ஊதாக் கதிர்களே, வெப்பம் அன்று. குளிர் மிகுந்த திபெத்தின் உயர்நிலங்களிலும் இக்கதிர்கள் கடுமையாக விழுகின்றன.

தோலுக்கு நிறம் தருவது மெலனின் என்னும் நிறமி. அதனை உண்டாக்கும் உயிரணுக்களின் எண்ணிக்கை கறுத்தவரிடமும் வெளுத்தவரிடமும் ஏறத்தாழ ஒன்றே. அவை உண்டாக்கும் நிறமியின் அளவும் வகையுமே வேறுபடுகின்றன. கருமை ஒரு குடை போன்றது. வலிய புற ஊதாக் கதிர்கள் குருதியிலுள்ள ஃபோலேட் என்னும் உயிர்ச்சத்தைச் சிதைக்கக்கூடியவை என 1978இல் ஆய்வொன்று காட்டிற்று. கருவிலுள்ள குழந்தையின் தண்டுவடம் சரியாக அமைய இச்சத்து இன்றியமையாதது. ஆகவே கதிர் மிக்க நிலத்தில் கருந்தோல் ஒரு காவல்.

கதிர் குறைந்த வடநிலத்திலோ வேறு தேவை எழுந்தது. 1822இல் போலந்து மருத்துவர் ஸ்னியாதெட்ஸ்கி, எலும்பு வளையும் ரிக்கெட்ஸ் நோய் வார்சா நகரக் குழந்தைகளிடம் மிகுதியாகவும் வெயிலில் வளரும் சிற்றூர்க் குழந்தைகளிடம் அரிதாகவும் இருப்பதைக் கண்டார். 1919இல் பெர்லினில் ஹுல்ட்ஷின்ஸ்கி புற ஊதா விளக்கொளியால் அந்நோயைக் குணப்படுத்தினார். அதே கதிர் தோலில் பட்டு வைட்டமின் டி உருவாகிறது என்பது பின்னர் தெளிவாயிற்று. வெயில் மெலிந்த நாட்டில் வெளிர்த்தோல் அச்சிறு ஒளியையும் உள்ளே விடுகிறது. குடை விரிக்க வேண்டிய இடமும் உண்டு. மடக்க வேண்டிய இடமும் உண்டு. இவ்விரு தேவைகளின் சமநிலையே உலக மக்களின் நிறப் பரவலுக்குக் காரணம் என்று நீனா ஜப்லான்ஸ்கி, ஜார்ஜ் சாப்ளின் ஆகியோர் 2000இல் விளக்கினர்.

இம்மாற்றம் மூன்று தலைமுறையில் நிகழ்வதன்று. வெயிலில் கறுத்தவரின் கருமை அவர் பிள்ளைக்குச் செல்வதில்லை. மரபணுக்களில் தோன்றும் மாற்றங்கள் நிலத்திற்குப் பொருந்தும்போது பல்லாயிரம் ஆண்டுகளில் பெருகுகின்றன. ஸ்பெயினின் லா பிரான்யா குகையில் கிடைத்த, ஏறத்தாழ 7000 ஆண்டுகளுக்கு முற்பட்ட மனிதனின் மரபணுவை 2014இல் ஆராய்ந்தபோது, அவன் கருந்தோலும் நீலக் கண்ணும் கொண்டிருக்கக்கூடும் எனத் தெரிந்தது. ஐரோப்பாவின் வெண்மை அத்துணை பழமையானதன்று. தோலை வெளுக்கச் செய்யும் முக்கியமான ஒரு மரபணு மாற்றம் 2005இல் அறியப்பட்டது. ஐரோப்பியரிடம் ஏறத்தாழ எல்லோரிடமும் உள்ள அதே மாற்றம் தென்னாசியரிடமும் கணிசமாக உண்டு என்றும், இரண்டும் ஒரே மூலத்தைச் சேர்ந்தவை என்றும் 2013இல் ஆய்வாளர் கண்டனர். 2017இல் ஆப்பிரிக்க மக்களிடையே நடந்த ஆய்வு, வெளிர்நிறத்திற்கும் கருநிறத்திற்கும் உரிய மாற்றங்கள் பல ஆப்பிரிக்காவிலேயே தோன்றியவை என்று காட்டிற்று. அப்படியாயின் எந்த நிறத்தைக் கொண்டு எந்த வம்சத்தைப் பிரிப்பது?

வேர் இழுத்த கதை

இந்த அறிவியலைப் படிக்கும்போது புகாரீ, முஸ்லிம் இரண்டிலும் பதிவான ஒரு நிகழ்ச்சி நினைவுக்கு வருகிறது. ஃபஸாரா குலத்தைச் சேர்ந்த ஒருவர் நபி (ஸல்) அவர்களிடம் வந்து, தம் மனைவி கறுப்பான குழந்தையைப் பெற்றிருக்கிறாள் என்று ஐயத்தோடு கூறினார். நபியவர்கள் அவரிடம் ஒட்டகங்கள் உண்டா என்றும் அவற்றின் நிறம் என்ன என்றும் கேட்டார்கள். சிவப்பு என்றார். அவற்றுள் சாம்பல் நிறத்தது உண்டா என்று கேட்டார்கள். உண்டு என்றார். அது எங்கிருந்து வந்தது என வினவினார்கள். ஏதேனும் ஒரு வேர் அதனை இழுத்திருக்கும் என்றார் அவர். உம் மகனையும் ஒரு வேர் இழுத்திருக்கலாம் அல்லவா என்றார்கள் நபி (ஸல்) அவர்கள்.

இங்கு வேர் எனப் பெயர்த்த 'இர்க்' என்னும் சொல் மூதாதையரின் வழியைக் குறிக்கும். இந்நபிமொழியை மரபணுப் பாடமாக்க வேண்டிய தேவை நமக்கில்லை. அதன் நோக்கம் வேறு. ஒரு குழந்தையின் நிறம் ஒரு தாயின் மானத்திற்கு எதிரான சாட்சியாவதை நபியவர்கள் தடுத்தார்கள். நிறத்திற்கு இயல்பான காரணம் இருக்கக்கூடும் என்பதே அங்குத் தடையாக நின்றது. இயற்கையைப் பற்றிய அறிவு எதற்குப் பயன்பட வேண்டும் என்பதற்கு இதுவே அளவுகோல்.

அபூதர் (ரலி) அவர்கள் ஒருவரை அவருடைய தாயைச் சொல்லி இழித்தபோது, உம்மிடம் இன்னும் ஜாஹிலிய்யா இருக்கிறது என்று நபியவர்கள் கண்டித்ததையும் புகாரீயில் காண்கிறோம். கண்டிக்கப்பட்டவர் முதற்கட்ட முஸ்லிம்களுள் ஒருவர். கொள்கை சரியாக இருந்தும் நாவில் பழைய வழக்கம் ஒட்டியிருக்கலாம் என்பதையே இது உணர்த்துகிறது.

நம்மிடம் ஒட்டியிருப்பதை நாமே பார்த்துக்கொள்ள வேண்டும். கறுப்பு நிறத்தவரான அதாஉ இப்னு அபீ ரபாஹ் (ரஹ்) மக்காவின் முஃப்தீயாக விளங்கியதை மிம்பரில் பெருமையோடு சொல்கிறோம். அதே ஊரில் பெண் பார்க்கச் செல்லும்போது முதற்கேள்வி நிறத்தைப் பற்றியதாக இருக்கிறது. திருமணப் பொருத்தத்தைப் பற்றிப் பேசும் ஹனஃபீ நூல்கள் வம்சம், மார்க்கப் பேணுதல், செல்வம், தொழில் முதலியவற்றைப் பட்டியலிடுகின்றன. நிறம் அப்பட்டியலில் இல்லை. சட்ட அறிஞர்கள் சேர்க்காததை நம் வீட்டுப் பேச்சு சேர்த்திருக்கிறது. அதன் விலையைக் கொடுப்பவர்கள் நம் பெண்மக்கள்.

ஹாம் பற்றிய அறிவிப்புகள் பழைய வரலாற்று நூல்களிலும் தஃப்ஸீர்களிலும் இன்றும் இருக்கின்றன, இனியும் இருக்கும். நூல்களை அழிப்பது அறிஞர் மரபன்று. மதரஸா வகுப்பில் அவ்விடம் வரும்போது இப்னுல் ஜவ்ஸீயின் மறுப்பையும் இப்னு கல்தூனின் விளக்கத்தையும், அவர் சறுக்கிய இடத்தையும், அஹ்மத் பாபாவின் தீர்ப்பையும் உடன் வைத்துப் படிப்பிக்க வேண்டும். அவ்வாறு படித்து வெளியேறும் ஆலிம், பெண் பார்க்கும் பேச்சில் நிறத்தைக் கேட்பவரிடம் என்ன சொல்ல வேண்டும் என்பதை அறிந்திருப்பார்.